பாராமகாலின் காகித மந்திரம்

கதைகளில் வரும் மந்திரவாதிக்கு ஒரு கோல் இருக்கும், சொல்வதற்கு ஒரு மந்திரமும் இருக்கும். சொன்னால் ராஜகுமாரன் கிளியாவான், மாளிகை மறையும். இப்போது வேறு மாதிரி ஓர் உலகத்தைக் கற்பனை செய்து பாருங்கள். அங்கே கோலுக்குப் பதில் பேனா. மந்திரத்துக்குப் பதில் படிவம். யாகத்துக்குப் பதில் மூன்று நகல், ஒரு முத்திரை, ஒரு சுருக்கொப்பம். ஓர் எழுத்து பிசகினால் மந்திரம் பலிக்காது. சரியாக எழுதிவிட்டால் உயிரோடு இருப்பவனைச் செத்தவனாக்கலாம். மூன்று தலைமுறை உழுத நிலத்தை ஒரே வரியில் இன்னொருவன் கைக்கு மாற்றலாம்.

கற்பனைக் கதை என்று சிரித்துவிட முடியாது. உத்தரப் பிரதேசத்தின் அசம்கர் மாவட்டத்தில் லால் பிகாரி என்ற விவசாயி கடன் வாங்குவதற்காகச் சான்று கேட்டு அலுவலகத்துக்குப் போனார். வருவாய்ப் பதிவேட்டின்படி அவர் இறந்துபோயிருந்தார்! அவர் பங்கு நிலம் உறவினர் பெயருக்கு மாறியிருந்தது. 1975இல் 'இறந்த' அவர், 1994இல்தான் பதிவேட்டில் மீண்டும் உயிர் பெற்றார். நடுவில் உள்ள 19 ஆண்டுகளில், உயிரோடு இருப்பதை நிரூபிப்பதற்காகவே தேர்தலில் நின்றார். தன்னைப் போலக் காகிதத்தில் இறந்தவர்களைச் சேர்த்து ஒரு சங்கமே நடத்தினார்.

இந்த மந்திரம் வடநாட்டுச் சரக்கு மட்டுமல்ல. ஒவ்வொரு விவசாயியின் பெயரையும் தனித்தனியாக எழுதி, அவன் நிலத்தை அளந்து, அரசாங்கமே நேரடியாக அவனிடம் கணக்கு வைத்துக்கொள்ளும் முறை சென்னை மாகாணத்தில் முதன்முதலாகச் சோதித்துப் பார்க்கப்பட்ட இடம் பாராமகால். அதாவது இன்றைய தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம்.

திருமந்திர ஓலை

அதற்கு முன் கொஞ்சம் பின்னால் போக வேண்டும். எழுத்தால் நிலத்தைக் கட்டும் வழக்கத்தை வெள்ளைக்காரன் கொண்டுவரவில்லை.

தருமபுரி மாவட்டம் நடுகற்களுக்குப் பேர் போனது. ஆநிரை மீட்கும் சண்டையில் இறந்தவனுக்குக் கல் நட்டு, எந்த அரசனின் எத்தனையாவது ஆட்சியாண்டில், யாருக்காகச் செத்தான் என்று வட்டெழுத்தில் வெட்டி வைத்தார்கள். பல்லவர் காலத்துக் கற்கள்கூட இங்கே கிடைத்திருக்கின்றன. அப்படி இறந்தவனின் குடும்பத்துக்கு நிலம் விடுவதும் தமிழ்நாட்டில் வழக்கம். அந்த நிலத்துக்கு உதிரப்பட்டி என்று பெயர். ரத்தம் சிந்திப் பெற்ற நிலம். கல்லில் எழுதியது அழியாது என்பதால் கல்லே சாசனம்.

சோழர் காலத்தில் இது பெரிய இயந்திரமாகிவிட்டது. அரசன் வாயால் சொன்ன ஆணையை ஓலையில் எழுதும் அதிகாரிக்கு என்ன பெயர் தெரியுமா? 'திருமந்திர ஓலை'. அவருக்கு மேலே சரிபார்ப்பவர் 'திருமந்திர ஓலை நாயகம்'. இங்கே மந்திரம் என்றால் ஆலோசனை, மந்திரி என்ற சொல்லில் இருப்பது போல. ஆனாலும் பெயர் எவ்வளவு பொருத்தமாக அமைந்துவிட்டது பாருங்கள்!

நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரத்துக்கு ஆனைமங்கலம் என்ற ஊரை முதலாம் ராஜராஜன் கொடுத்த செய்தி, லெய்டன் செப்பேடு என்று இன்று அழைக்கப்படும் சாசனத்தில் இருக்கிறது. 97 வேலி நிலம். அரசன் சொன்னவுடன் ஊர் கைமாறிவிடவில்லை. ஆணையை ஒருவர் எழுதினார், இன்னொருவர் ஒப்பிட்டார், வரிப் புத்தகத்தில் ஏற்றினார்கள், பிறகு ஓலை நாட்டாருக்குப் போனது. அவர்கள் எதிர்கொண்டு வணங்கி, தலைமேல் வைத்து வாங்கினார்கள். பெண் யானையை எல்லை நெடுகிலும் நடத்திச் சென்று, கல் நட்டு, கள்ளி நட்டு எல்லை கட்டினார்கள். அத்தனை பேரும் கையெழுத்திட்ட பிறகுதான் ஊர் விகாரத்துக்குச் சொந்தம்.

இதில் பாதி அலுவலக நடைமுறை, பாதி சடங்கு. இரண்டும் சேர்ந்தால்தான் ஊரார் நம்புவார்கள். ஊரார் நம்பினால்தான் எல்லை எல்லையாக நிற்கும். எழுத்தின் சக்தி மையில் இல்லை, அதற்குக் கட்டுப்படும் கூட்டத்தில் இருக்கிறது என்பது அன்றே தெரிந்த விஷயம்.

ஆனால் சோழர் சாசனங்களில் பெரும்பாலும் பேசப்படுவது ஊர், கோயில், சபை. தனி உழவன் ஒவ்வொருவனும் தன் பெயரால் அரசின் கணக்கில் ஏறும் காலம் பின்னால்தான் வந்தது.

நான்கு ராணுவக்காரர்கள்

1792 மார்ச்சில் ஸ்ரீரங்கப்பட்டின உடன்படிக்கையின்படி திப்பு சுல்தான் தன் நாட்டில் பாதியை இழந்தார். கிழக்கிந்தியக் கம்பெனியின் பங்கில் வந்த பகுதிகளில் பாராமகாலும் ஒன்று. பன்னிரண்டு மகால்கள் சேர்ந்தது என்பதால் அந்தப் பெயர்.

நாடு கிடைத்துவிட்டது. வரி வசூலிப்பது எப்படி? சென்னையிலிருந்த கம்பெனியின் சிவில் அதிகாரிகளில் உள்ளூர் மொழி தெரிந்தவர்கள் அபூர்வம். துபாஷிகளை நம்பித்தான் பிழைப்பு. அதனால் கவர்னர் ஜெனரல் கார்ன்வாலிஸ் பிரபு அவர்களை ஒதுக்கிவிட்டு, ராணுவ கேப்டன் அலெக்சாண்டர் ரீடைப் பொறுப்பில் வைத்தார். உதவிக்கு மூன்று ராணுவ அதிகாரிகள்: தாமஸ் மன்றோ, வில்லியம் மெக்லியோட், ஜேம்ஸ் கிரஹாம். ரீடும் மன்றோவும் அதற்கு முன்பே ஆம்பூரில் உளவுப் பிரிவில் சேர்ந்து வேலை பார்த்தவர்கள். வருவாய் நிர்வாகத்துக்கு இதைவிடப் பொருத்தமான முன் அனுபவம் கிடையாது என்று கேலியாகச் சொல்லலாம்.

மன்றோவைப் பற்றி வணிகவியல் மாணவர்களுக்குப் பிடிக்கும் ஒரு தகவல். அவர் கிளாஸ்கோ நகரத்து வியாபாரி மகன். சிறு வயதில் ஒரு வணிக நிறுவனத்தின் கணக்கறையில் வேலைக்குச் சேர்க்கப்பட்டவர். அமெரிக்க சுதந்திரப் போரில் புகையிலை வியாபாரம் நொடித்து அப்பா கடனாளியானதால், மகன் கம்பெனிப் படையில் சேர்ந்து 1780இல் சென்னை வந்து இறங்கினார். பேரேடு பார்த்துப் பழகிய கண் அவருடையது. தருமபுரியில் தங்கி, 1799 வரை இந்தப் பகுதியில் வேலை பார்த்தார்.

முதலில் ரீடுக்கும் ஒவ்வொரு விவசாயியையும் பிடித்துக் கணக்கு வைக்கும் எண்ணம் இல்லை. நீண்ட காலக் குத்தகைக்கு நிலத்தை விடுவதுதான் திட்டம். ஆனால் நிலம் எவ்வளவு, யாரிடம் இருக்கிறது என்றே தெரியாமல் எதை வைத்துக் குத்தகை பேசுவது? எனவே அளவை தொடங்கியது. 1790களின் பெரும்பகுதி அதிலேயே போயிற்று. வயல் வயலாகச் சங்கிலி பிடித்து அளந்து, நஞ்சை புஞ்சை பிரித்து, மண்ணின் தரம் எழுதி, உழுபவனின் பெயர் எழுதினார்கள். இவ்வளவும் எழுதிய பிறகு பார்த்தால், ஒவ்வொருவனிடமும் ஆண்டுதோறும் தனித்தனியாகத் தீர்வை பேசுவது சாத்தியம் என்று தெரிந்தது. 1796இல் ரீட் வெளியிட்ட அறிவிப்பு விவசாயிக்கு அந்த ஆண்டுக் கணக்கு முறையைத் திறந்துவிட்டது. ரயத்துவாரி முறை இப்படித்தான் பிறந்தது. தொடங்கியவர் ரீட், அதைக் கொள்கையாக வளர்த்துப் பெயர் பெற்றவர் மன்றோ.

இந்த நால்வரும் எழுதிக் குவித்த காகிதங்கள் 'பாராமகால் ரெக்கார்ட்ஸ்' என்ற பெயரில் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பல பகுதிகளாக அச்சாயின. ஒரு சிறு வறண்ட நிலப்பகுதிக்கு இத்தனை காகிதமா என்று மலைக்க வைக்கும் தொகுப்பு அது.

ரசீதா, உரிமையா?

ரயத்துவாரியின் நடுநாயகம் பட்டா. இன்று பட்டா என்றால் 'என் நிலம்' என்பதற்குச் சாட்சி. ஆனால் அது பிறந்தபோது அப்படியில்லை. இன்ன ஆளிடம் இன்ன வயல் இருக்கிறது, இந்தப் பசலியில் இவ்வளவு தீர்வை கட்ட வேண்டும் என்று அரசாங்கம் கொடுத்த சீட்டு அது. கடைக்காரர் பாஷையில் சொன்னால், ஒரு பில்.

பில்லை வைத்துக்கொண்டு உரிமை கொண்டாட முடியுமா? முடிந்தது! 'என்னிடம்தானே வரி கேட்டாய், அப்படியானால் நிலம் என்னுடையதுதானே' என்ற நியாயம் எளிமையானது, மறுக்க முடியாதது. ஆண்டு ஆண்டாகப் பில் வாங்கியவன் அதைப் பெட்டியில் பத்திரப்படுத்தினான். பங்காளிச் சண்டையில் காட்டினான், கோர்ட்டில் காட்டினான், கடன் வாங்கும்போது காட்டினான். கேட்பதற்காக எழுதிய காகிதம் மெல்ல மெல்லக் கொடுக்கும் காகிதமாக மாறியது. இந்த வரலாற்றில் உண்மையான மந்திரம் என்று ஒன்று உண்டென்றால் அது இதுதான். (பட்டா மட்டுமே முழு உரிமை மூலம் ஆகாது, பத்திரமும் வேண்டும் என்று நீதிமன்றங்கள் இன்றும் சொல்லிக்கொண்டுதான் இருக்கின்றன. அந்தப் பழைய பில்லின் வாசனை இன்னும் முழுதாகப் போகவில்லை.)

பட்டாவைச் சுற்றி ஒரு பெரிய பரிவாரமே வளர்ந்தது. எந்த வயலில் என்ன பயிர் என்று எழுதும் அடங்கல், யார் பெயரில் எவ்வளவு என்று சொல்லும் சிட்டா, ஊரின் எல்லாப் புல எண்களையும் வரிசையாகக் கொண்ட அ-பதிவேடு, ஆண்டுக்கொரு முறை எல்லாவற்றையும் தணிக்கை செய்யும் ஜமாபந்தி. நாட்காட்டிகூடத் தனி. ஜூலை 1இல் தொடங்கும் பசலி ஆண்டு, அக்பர் காலத்திலிருந்து வந்தது. 2025 ஜூலையில் தொடங்கியது 1435ஆம் பசலி. தாலுகா அலுவலகத்துக்குள் போனால் 590 ஆண்டு பின்னால் போகலாம். கால எந்திரம் தேவையில்லை!

பின்னால் வந்த அளவைகளில் 66 அடிச் சங்கிலி, அதில் 100 கண்ணி. பத்துச் சதுரச் சங்கிலி ஓர் ஏக்கர். அதை நூறாக்கினால் ஒரு சென்ட், அதாவது 435.6 சதுர அடி. வீட்டு மனை விளம்பரங்களில் இன்று பார்க்கும் அந்த விசித்திரமான எண் இப்படி வந்ததுதான்.

அடித்து எழுதியது

எழுதியதை அடிக்கவும் முடியும் என்பது சீக்கிரமே தெரிந்தது. வங்காளத்து நிரந்தர நிலவரித் திட்டத்தைச் சென்னையிலும் கொண்டுவர வேண்டும் என்று மேலிடம் உத்தரவிட்டது. 1802 சட்டத்துக்குப் பிறகு, ரீட் பெயர் பெயராக எழுதிய பாராமகால் நிலம் மிட்டா என்ற துண்டுகளாகப் பிரித்து ஏலம் விடப்பட்டது. வாங்கியவர் மிட்டாதார். அரசாங்கத்தோடு நேராகக் கணக்கு வைத்திருந்த விவசாயி ஒரே நாளில் மிட்டாதாருக்குக் கீழே போனான். நிலம் நகரவில்லை, உழுபவன் நகரவில்லை. காகிதம் மட்டும் நகர்ந்தது.

பல மிட்டாதார்கள் பணம் கட்ட முடியாமல் விழுந்தார்கள், மிட்டாக்கள் அரசிடமே திரும்பி வந்தன. 1820இல் மன்றோ சென்னை கவர்னராக வந்தார். மாகாணத்தின் பெரும்பகுதியில் ரயத்துவாரி நிலைபெற்றது. 1827இல் காலராவில் இறக்கும் வரை அவர் அந்தப் பதவியில் இருந்தார். மிச்சமிருந்த மிட்டாக்களுக்கு 1948 ஜமீன் ஒழிப்புச் சட்டம் முடிவு கட்டியது.

எழுத்தறிந்தவன் இறைவன்

இடைத்தரகனை ஒழிப்பதுதான் ரயத்துவாரியின் வாக்குறுதி. விவசாயிக்கும் சர்க்காருக்கும் நடுவில் யாரும் இல்லை என்றார்கள். ஆனால் நடுவில் ஒரு காகிதம் இருந்ததே! அதைப் படிக்கத் தெரிந்தவர் ஊரில் எத்தனை பேர்? அந்த இடைவெளியில் உட்கார்ந்தவர் கர்ணம்.

கர்ணம் பதவி பெரும்பாலும் பரம்பரை. அப்பா கணக்கு மகனுக்கு. எந்தக் கட்டு எந்தப் பெட்டியில் என்பது அவருக்குத்தான் தெரியும். மேலதிகாரி மாறிக்கொண்டே இருப்பார், கர்ணம் மாற மாட்டார். 'விளைந்தது' என்று எழுதுவதும் 'சாவி' என்று எழுதுவதும் அவர் கையில். ஒரு சொல்லில் வரித் தள்ளுபடி வரும், போகும். ராஜா ராணியைவிடக் கர்ணத்துக்குப் பயந்த ஊர்கள் உண்டு என்று சொன்னால் மிகையாகாது.

எழுதிய தொகையைக் கட்ட முடியாதபோது, காகிதத்தின் கடன் உடம்பில் ஏறியது. வரி வசூலுக்காக விவசாயிகள் வதைக்கப்படுவதை விசாரித்த கமிஷன் 1855இல் அறிக்கை கொடுத்தது. அதில் ஆங்கில எழுத்தில் இரண்டு தமிழ்ச் சொற்கள் வருகின்றன. ஒன்று அண்ணாந்தாள். ஆளைக் குனிய வைத்து, நிமிர முடியாமல் கட்டி, மணிக்கணக்கில் வெயிலில் நிறுத்துவது. இன்னொன்று கிட்டி. விரல்களை மரக்கட்டைகளுக்கு நடுவில் வைத்து நெருக்குவது. புகார் கொடுக்கலாமே என்றால், கலெக்டர் கச்சேரி எங்கோ தூரத்தில். மனு எழுதக் காசு. அதை எழுதித் தருவதற்கும் எழுதத் தெரிந்தவன் வேண்டும்!

எழுதப்படாதவர்கள்

பெயர் எழுதப்பட்டவன் பாடு இது என்றால், எழுதப்படாதவன் பாடு?

ரயத்துவாரிப் பதிவேட்டில் இடம் பிடித்தது வரி கட்டக்கூடிய விவசாயி. பண்ணையில் உழைத்தவன் பெயருக்கு அதில் கட்டம் இல்லை. வரி வராத நிலமெல்லாம் 'புறம்போக்கு' ஆயிற்று. ஏரி, மேய்ச்சல் நிலம், வண்டிப்பாதை, சுடுகாடு. ஊரே சேர்ந்து அனுபவிக்கும் பொது நிலம், கணக்குப்படி கணக்குக்குப் புறம்பாகப் போனது. அந்தச் சொல் பிறகு மனிதர்களைத் திட்டும் சொல்லானது. வருவாய்ப் பதிவேட்டின் ஒரு கட்டம் தெருச் சண்டையில் வசையாக ஒலிப்பது உலகத்தில் வேறு எங்கும் உண்டா தெரியவில்லை.

மலைக்காடுகளுக்கு 1882 சென்னை வனச் சட்டம் வந்தது. அரசிதழில் அறிவிப்பு வெளியாகி, ஆட்சேபம் சொல்ல அவகாசம் கொடுத்து, அது முடிந்தால் காடு 'காப்புக்காடு'. அரசிதழ் படிக்காத மலைவாசி, தலைமுறையாக நடந்த பாதையிலேயே அத்துமீறியவன் ஆனான்.

ஆனாலும் சனங்கள் சும்மா இருக்கவில்லை. பில்லை உரிமையாக்கிய பழைய வித்தையை இங்கேயும் பிரயோகித்தார்கள். புறம்போக்கில் குடிசை போட்டவனுக்கும் உழுதவனுக்கும் 1905 ஆக்கிரமிப்புச் சட்டத்தின்படி அபராதம் போடுவார்கள். அந்தச் சீட்டுக்கு பி மெமோ என்று பெயர். ஏழைகள் அதைக் கிழித்துப் போடவில்லை. அபராத ரசீதுகளை வருஷ வாரியாக அடுக்கி வைத்தார்கள். 'இத்தனை வருஷமாக நாங்கள் இங்கே இருக்கிறோம், நீங்களே எழுதிக் கொடுத்திருக்கிறீர்கள்' என்று பட்டா கேட்கும்போது அதையே சாட்சியாகக் காட்டினார்கள்! குற்றத்துக்கான காகிதம் குடியுரிமைச் சான்று போல ஆனது.

1979இல் தொடங்கிய நிலப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தில் (யூடிஆர் என்றால் தாலுகா அலுவலகத்தில் எல்லோருக்கும் புரியும்) பழைய பதிவுகள் புதுப்பித்து எழுதப்பட்டன. அதில் விழுந்த பிழைகளைத் திருத்த இன்றும் குடும்பங்கள் அலைகின்றன. 1980இல் எம்.ஜி.ஆர். அரசு பரம்பரைக் கர்ணம் பதவியை ஒழித்தது. கிராம நிர்வாக அலுவலர் வந்தார். பிறகு கணினி வந்தது. இப்போது சிட்டாவை வீட்டிலிருந்தே இணையத்தில் பார்க்கலாம். 2006 வன உரிமைச் சட்டத்தின் விதிகள் ஒரு படி மேலே போய், ஊர்ப் பெரியவர்களின் வாக்குமூலத்தையும், பழைய கிணறு, சமாதி போன்ற அடையாளங்களையும் சாட்சியாக ஏற்கின்றன. நடுகல்லை நம்பிய காலத்துக்குச் சட்டம் சுற்றி வந்து சேர்ந்திருக்கிறது.

பெயர்கள்

கடைசியாக ஒரு பட்டியல். தருமபுரி மாவட்டம் அரூர் வட்டத்தில், சித்தேரி மலையடிவாரத்தில் இருப்பது வாச்சாத்தி. 1992 ஜூன் 20ஆம் தேதி, சந்தனக் கட்டை தேடுவதாகச் சொல்லி வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறை ஆட்கள் அந்தப் பழங்குடி ஊருக்குள் புகுந்தார்கள். வீடுகள் நொறுக்கப்பட்டன, 18 பெண்கள் பாலியல் வன்முறைக்கு ஆளானார்கள். அரசாங்கத்தின் காகிதங்கள் அந்த மக்களைத்தான் குற்றவாளிகள் என்றன.

மக்கள் விடவில்லை. சிபிஐ விசாரணை வந்தது. குற்றப்பத்திரிகையில் 269 பெயர்கள் ஏறின. வனத்துறையினர் 155, காவல்துறையினர் 108, வருவாய்த்துறையினர் 6. வழக்கு நடக்கும்போதே 54 பேர் இறந்துபோனார்கள். மீதி 215 பேரும் குற்றவாளிகள் என்று 2011 செப்டம்பர் 29இல் தருமபுரி நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2023 செப்டம்பர் 29இல் சென்னை உயர்நீதிமன்றம் அதை உறுதி செய்தது.

குடியானவர்களின் பெயர்களை ஒவ்வொன்றாக எழுதி அரசாங்கம் கணக்குக் கேட்கத் தொடங்கியது பாராமகாலில், 1790களில். இருநூறு ஆண்டு கழித்து அதே தருமபுரியில், அரசாங்க ஊழியர்களின் பெயர்களை ஒவ்வொன்றாக எழுத வைத்து அந்த மக்கள் கணக்குக் கேட்டார்கள். மந்திரம் அதேதான். சொன்ன வாய் மட்டும் மாறியிருந்தது.

இதைப் படித்து முடித்ததும் வீட்டுப் பீரோவில் அந்தப் பழைய மஞ்சள் காகிதத்தைத் தேடி எடுத்துப் பாருங்கள். எந்தப் பசலி, எந்தப் புல எண், யார் பெயர், எத்தனை சென்ட் என்று ஒரு முறையாவது படித்துப் பாருங்கள். தாத்தா பெயரில் எழுத்துப் பிழை இருந்தால் இப்போதே மனு கொடுப்பது நல்லது. பேரன் காலம் வரை காத்திருந்தால் வேலை இன்னும் கடினமாகிவிடும்.